தலைவரை நீக்கும் அதிகாரமும் நம் சமுதாயமும்

பொதுமன்றம் ஒன்றின் தலைவர் அரசின் முறையான ஆணைகளைத் தொடர்ந்து மீறுவாராயின் அவரைப் பதவியினின்று நீக்கலாம் என்பது நெடுநாளைய நிருவாக நெறி. இந்நெறி நம் மக்களுக்குக் கேடயமாயிற்றா, வாளாயிற்றா என்பது நம் இளைஞர்கள் ஆராய்ந்து அறியற்பாலது.

1924-ஆம் ஆண்டில் பெரியார் இரட்டைமலை சீனிவாசன் அவர்கள் சென்னைச் சட்டமன்றத்தில் கொண்டுவந்த தீர்மானம் நிறைவேறியது. பொதுச்சாலை, பொதுக்கிணறு, பொது அலுவலகம் யாவும் ஒடுக்கப்பட்ட மக்களுக்கும் உரியன என அவ்வாண்டிலேயே அரசாணை பிறந்தது. ஆணை ஏட்டில் ஏறியது. ஊர்க் கிணற்றடியோ பல இடங்களில் பழையபடியே இருந்தது. மதுரைக்கு அண்டையிலுள்ள இராமநாதபுரத்தில் மாவட்டக் கழகத் தலைவராயிருந்த டபிள்யூ. பி. ஏ. சௌந்தரபாண்டியனார், நம் மக்களை ஏற்ற மறுக்கும் பேருந்துகளின் உரிமம் பறிக்கப்படும் என எச்சரித்தார். தலைமைப் பீடத்தில் அமர்பவர் மனம் வைத்தால் ஆணை உயிர்பெறும் என்பதற்கு இஃது ஒரு சான்று.

அரசமைப்பின் 73-ஆவது திருத்தம் 1993-இல் நடைமுறைக்கு வந்தது. தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் 1994-இல் இயற்றப்பட்டது. அதன் 205-ஆம் பிரிவு, சட்டத்தையோ முறையான ஆணையையோ வேண்டுமென்றே மீறும் ஊராட்சித் தலைவரை நீக்கும் அதிகாரத்தை மாவட்ட ஆட்சியருக்கு அளிக்கிறது.

ஆனால் 1996-இல் நிகழ்ந்தது என்ன? மதுரை மாவட்டத்துப் பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம் ஆகிய ஊராட்சிகளின் தலைவர் பதவி நமக்கென ஒதுக்கப்பட்டதும், ஊரின் வலியோர் தேர்தலையே முடக்கினர். பின்வந்த தேர்தல்களில் வென்றவர்களும் உடனே பதவி விலகும்படி நேர்ந்தது. மேலவளவில் தேர்தலில் நின்று தலைவரான முருகேசன் அவர்கள், 1997 சூன் 30 அன்று உடன்வந்த ஐவரோடு வெட்டிக் கொல்லப்பட்டார். சட்டத்தை மீறியது இங்குத் தலைவர் அல்லர், ஊரின் ஆதிக்கம். கீழ்ப்படியாத தலைவரை நீக்கச் சட்டத்தில் வழியிருந்தது. தலைவரே வரலாகாது எனத் தடுத்த ஆதிக்கத்தைத் திருத்த அப்பிரிவில் வழியில்லை. பத்தாண்டு கழித்து, 2006-இல்தான், மாவட்ட நிருவாகத்தின் இடைவிடாத முயற்சியால் அவ்வூராட்சிகளில் தேர்தல் முறையாக நடந்தது.

நாற்காலி கிட்டிய பின்னரும் இடர் தீரவில்லை. ஊராட்சிக் காசோலையில் தலைவரும் துணைத்தலைவரும் சேர்ந்து ஒப்பமிடல் வேண்டும். துணைத்தலைவர் ஒப்பமிட மறுத்தால் பணி நிற்கும். பழியோ தலைவர்மேல் விழும். 2022 ஆகசுடில், நம் சமுதாயத் தலைவர்கள் தேசியக் கொடியேற்றுவதை எவரும் தடுத்தலாகாது என மாநிலத் தலைமைச் செயலாளரே ஆட்சியர்களுக்கு எழுத வேண்டியிருந்தது என்றால் நிலைமை விளங்கும்.

ஆகவே நீக்க நடவடிக்கையின் படிகளை நம் இளைஞர் ஐயமறக் கற்றல் வேண்டும். முதலில் ஆட்சியர் குற்றச்சாட்டைக் குறிப்பிட்டு விளக்கம் கேட்பார். விளக்கம் நிறைவு தராவிடின், வட்டாட்சியர் ஊராட்சி மன்றக் கூட்டத்தைக் கூட்டி உறுப்பினர்தம் கருத்தைப் பதிவுசெய்வார். அக்கருத்தை ஆய்ந்த பின்னரே ஆட்சியர் முடிவெடுப்பார். நீக்க அறிவிக்கையை நீக்கறவு செய்யும் அதிகாரம் அரசுக்கு உண்டு. பிழை நேர்வது வேறு, வேண்டுமென்றே மீறுவது வேறு. இவ்வேறுபாட்டை மெய்ப்பிக்க எழுத்துச் சான்று வேண்டும். எனவே ஒப்பம் மறுக்கப்பட்ட நாளையும், அலுவலருக்கு முறையிட்ட நாளையும் தலைவர் எழுத்தில் பதிந்து, படியைக் காத்து வைத்தல் வேண்டும். விளக்கம் கேட்கும் கடிதத்திற்குக் குறித்த நாளுக்குள் விடையளித்தல் வேண்டும்.

இவ்விதி தீயது என நாம் சொல்லவில்லை. பொதுப்பணத்தை ஆள்வோர் எவராயினும் ஆணைக்கு அடங்கியவரே. நம்மவர் தவறினும் விலக்கில்லை. நாம் வேண்டுவது, அத்தராசு எல்லார்க்கும் ஒன்றாதல் வேண்டும் என்பதே. கிணற்றைத் திறக்க மறுத்தவரைக் காணாத சட்டத்தின் கண், கணக்கில் ஒரு நாள் பிந்திய நம்மவரை மட்டும் காணுமாயின் அது நீதியாகாது. அதனை எடுத்துக்காட்டும் வன்மையைக் கல்வியே தரும். அதற்கெனவே இச்சங்கம் இருபத்தைந்து ஆண்டுகள் உழைத்துள்ளது. இளைஞரே, சட்ட நூலையும் உம் பாடநூலாகக் கொள்வீராக.