கடைசி பெஞ்சும் வேலிக்குருவிக் கூடும்

குயில் குஞ்சு பொரிந்ததும் காக்கை முட்டைகளைக் கூட்டிலிருந்து தள்ளிவிடும் என்று இருபது வருடம் வகுப்பில் சொல்லிவந்தேன். ஒரு ஜூன் மாதம் கடைசி பெஞ்சுப் பையன் எழுந்தான். "இல்லீங்க சார், எங்க வேப்பமரத்துல ரெண்டு குஞ்சும் ஒண்ணாத்தான் வாயைப் பொளந்துட்டு இருக்கு." சாயங்காலம் போய் அண்ணாந்து பார்த்தேன். அவன் சொன்னதுதான் சரி. நம் குயில் குஞ்சு பெரும்பாலும் காக்கைக் குஞ்சுகளோடு சேர்ந்தே வளர்கிறது. நான் நடத்திய பாடம் இங்கிலாந்துக் குயிலுடையது.

அந்தக் குயிலின் சூதைக் கண்ணால் பார்த்து விரிவாக எழுதியவர் எட்வர்ட் ஜென்னர். பின்னால் அம்மைத் தடுப்பூசி தந்தாரே, அவரேதான். பெர்க்லி என்ற சிற்றூரின் வைத்தியர். வளர்ப்புத் தாயே தன் முட்டைகளை வெளியேற்றுகிறது என்றுதான் அவரும் முதலில் எழுதி, லண்டன் ராயல் சொசைட்டிக்கு அனுப்பியிருந்தார்.

1787 ஜூன் 18 அன்று ஒரு வேலிக்குருவிக் கூட்டைப் பார்த்தார். குயில் முட்டை ஒன்று, குருவி முட்டை மூன்று. மறுநாள் போனால் குயில் குஞ்சு ஒன்றும் குருவிக் குஞ்சு ஒன்றும் மட்டுமே இருந்தன. அவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, அன்றுதான் பொரிந்த குயில் குஞ்சு குருவிக் குஞ்சின் அடியில் நுழைந்து அதை முதுகில் ஏற்றியது. பின்புறமாகவே கூட்டின் சுவரில் ஏறி, விளிம்பில் ஓர் உலுக்கு உலுக்கிக் கீழே தள்ளியது. போய்விட்டதா என்று இறக்கை நுனியால் தடவியும் பார்த்தது. சுமை நழுவாதிருக்க அதன் முதுகில் ஒரு குழி இருந்தது. பன்னிரண்டு நாளில் அது தூர்ந்துவிடும் என்பதையும் ஜென்னர் குறித்தார்.

கட்டுரையைத் திரும்ப வாங்கித் திருத்தி எழுதினார். 1788 மார்ச்சில் அது சபையில் வாசிக்கப்பட்டது. அடுத்த ஆண்டு அவர் அதன் உறுப்பினரானார். ஆனாலும் நம்பாதவர்கள் பலர். தடுப்பூசியின் எதிரிகளோ, குயில் கதையைக் காட்டியே அவரைப் பொய்யர் என்றார்கள். 1871இல் ஸ்காட்லாந்து ஓவியர் ஜெமைமா பிளாக்பர்ன், நெட்டைக்காலியின் கூட்டில் இதையே பார்த்து வரைந்தார். அதன் பிறகுதான் ஜான் கூல்ட் போன்ற பறவையியலாளர்களே மனம் மாறினார்கள்.

மறுநாள் வகுப்பில் என் பாடத்தை நானும் திருத்திச் சொன்னேன். உங்கள் தெருவில் காக்கை கூடு கட்டியிருந்தால் நீங்களும் அண்ணாந்து பாருங்கள். எட்ட நின்று பாருங்கள். காக்கை மண்டையில் கொத்தும்.