மூளைக்கு வாய்த்த தாய்மார்

கபாலத்தைத் திறந்து பார்ப்பவர் கண்ணில் முதலில் படுவது மூளையன்று. எலும்பின் உட்புறத்தோடு ஒட்டிக் கிடக்கும், பதனிட்ட தோல்போலத் தடித்து வெளுத்த ஓர் உறையே. அதற்கும் உள்ளே, மூளையின் மேடுபள்ளங்களிலெல்லாம் படிந்திறங்கி, உரிக்க முயன்றால் கிழிந்துபோகும் அளவுக்கு மெல்லியதாய் இன்னோர் உறை உண்டு. முன்னதை 'டூரா மேட்டர்' என்றும் பின்னதைப் 'பயா மேட்டர்' என்றும் வைத்திய மாணாக்கர் மனனம் செய்கின்றனர். லத்தீன் அறிந்த ஒருவர் இப்பதங்களை முதன்முறை கேட்டால் சற்றுத் திகைக்கவே செய்வார். ஏனெனில் ஒன்றுக்குக் 'கடினமான தாய்' என்றும், மற்றொன்றுக்குப் 'பக்தியுள்ள தாய்' என்றும் பொருள்.

இந்தத் தாய்மை கிரேக்கர் தந்ததன்று. 2ஆம் நூற்றாண்டில் கிரேக்க வைத்தியத்தின் சிகரமாய் விளங்கிய கேலன் இவற்றைத் தடித்த சவ்வு, மெல்லிய சவ்வு என்று உறவுமுறை எதுவும் கற்பிக்காமலே குறித்துச் சென்றார். தாயைக் கொண்டுவந்து சேர்த்தவர் அரபியர். ஒரு பொருளோடு நெருங்கிய சம்பந்தமுடையதை, அதிலும் அதைத் தாங்குவதை அல்லது தன்னுள் அடக்கிக்கொள்வதை, தாய் என்றும் தந்தை என்றும் மகன் என்றும் உறவுகூறி அழைப்பது அம்மொழியின் இயல்பு. வழிப்போக்கன் அவர்களுக்கு 'வழியின் மகன்', மக்கா நகரம் 'ஊர்களின் தாய்', பூரானோ 'நாற்பத்து நான்கின் தாய்'. மூலப் பத்திரத்தைத் தாய்ப்பத்திரம் என்று சொல்லும் நமக்கு இது விசித்திரமாகத் தோன்றாது. மூளையைப் பொதிந்திருக்கும் உறை இவ்வாறே 'மூளையின் தாய்' ஆயிற்று. வைத்தியர்கள் மட்டும் புழங்கிய சொல்லன்று அது; தலையில் பட்ட காயம் எலும்பைக் கடந்து அந்தத் 'தாயை' எட்டிவிட்டால், உயிருக்கு ஈடாகக் கொடுக்கும் தொகையில் மூன்றில் ஒரு பங்கைத் தண்டமாகச் செலுத்த வேண்டும் என்று இஸ்லாமிய தர்ம சாஸ்திரம் விதித்திருக்கிறது; அவ்வகைக் காயத்தின் பெயரே தாயைக் குறிக்கும் சொல்லிலிருந்து பிறந்ததுதான்.

10ஆம் நூற்றாண்டில், பாரசீகத்து அஹ்வாஸ் பிரதேசத்தைச் சேர்ந்த அலி இப்னுல் அப்பாஸ் அல்மஜூசி என்பவர், புவைஹிய மன்னர் அளுதுத் தவ்லாவுக்குச் சமர்ப்பித்த காரணத்தால் 'ராஜ கிரந்தம்' என்றே பெயர் பெற்ற பெருநூலை அரபியில் இயற்றினார். மான்டே கசீனோ மடத்துத் துறவியான ஆப்பிரிக்கக் கான்ஸ்டன்டைன் 11ஆம் நூற்றாண்டிலேயே அதை லத்தீனுக்குக் கொணர்ந்தாராயினும், அது குறையும் திரிபும் மலிந்தது என்று அதிருப்தியுற்ற ஸ்டீபன் என்பவர், சிலுவைப் போர்வீரர் வசமிருந்த அந்தியோக்கியா நகரில் அமர்ந்து, 1127இல் அந்நூலை மீண்டும் முழுமையாக மொழிபெயர்த்தார். நம் பதங்கள் இரண்டும் லத்தீனில் வேரூன்றியது அவராலேயே என்பது வைத்திய சரித்திரக்காரர் பொதுவாகக் கூறுவது.

பிறர் பிழையைத் திருத்தப் புகுந்தவர் ஆதலின் சொல்லுக்குச் சொல் விசுவாசமாய் நின்றார். வினையும் அங்கேதான் விளைந்தது. அரபியில் வெறும் மரபுவழக்காய் இருந்த தாய், லத்தீனில் மெய்யாகவே தாயாகிவிட்டாள். உள்ளுறையைக் குறித்த 'ரகீக்' என்னும் அரபிச் சொல்லுக்கு மெல்லியது என்பதே இவ்விடத்துப் பொருள். ஆனால் இளகிய மனத்தையும் அச்சொல்லால் குறிப்பதுண்டு. கனிவுக்கும் கடவுட்பற்றுக்கும் பொதுவான 'பியா' என்ற லத்தீன் சொல்லை ஸ்டீபன் அதற்கு ஈடாக வைக்கவே, மெலிந்திருந்த சவ்வு பக்தையாக மாறியது. அவரைக் குறைகூற எனக்கு மனம் வரவில்லை; மெலிவைக் காட்டும் உலர்ந்த சொல் ஒன்றை அவர் இட்டிருந்தால் இன்று இதைப் பற்றி எழுத என்ன இருக்கும்?

இரண்டுக்கும் நடுவே சிலந்திவலை போன்ற மூன்றாவது சவ்வொன்று இருப்பதை 17ஆம் நூற்றாண்டில் ஹாலந்து தேசத்து உடற்கூற்று நிபுணர்கள் தெளிவுபடுத்தினர். அரபியர் அறியாத அச்சவ்வுக்குச் சிலந்தியின் பெயர் மட்டுமே கிடைத்தது. ஆயினும் 1998இல் வெளிவந்த சர்வதேசச் சொற்பட்டியல் அதன் பின்னாலும் 'மேட்டர்' என்று சேர்த்து, அதையும் தாயாக்கிவிட்டது.

கடினத் தாயின் கதி வேறு. அவள் மூளையோடு நில்லாமல் முதுகுத்தண்டின் வழியே கீழிறங்கி நரம்புவடத்தையும் போர்த்தியிருக்கிறாள். பிரசவ வேதனை தெரியாதிருக்க முதுகில் அவ்வுறைக்குப் புறத்தே மருந்து செலுத்தும் முறைக்கு 'எபிடூரல்' என்று பெயர். தாயாகப் போகிறவளுக்கு இடும் அந்த ஊசியின் பெயரில் தாய் உதிர்ந்துபோய், கடினம் மட்டும் எஞ்சி நிற்கிறது.