வாரிசுரிமைச் சான்றிதழ் வழக்குகளில் பிணையின் இடம்

இறந்தவரின் வங்கி வைப்பு, சேமநல நிதி, பங்குப் பத்திரங்கள் ஆகியவற்றுக்காக வாரிசுகள் நீதிமன்றப் படியேறும்போது, சான்றிதழ் யார் பெயரில் வருகிறதோ அவருக்கே பணம் என்று இரு தரப்பும் நம்புகின்றன. 1925ஆம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டம் அப்படிச் சொல்லவில்லை. சான்றிதழை யார் பெறுவது என்ற போட்டியைவிட, பெறுபவர் என்ன பிணை கொடுக்கிறார் என்பதே வாரிசுகளுக்கு முக்கியம் என்பது என் வாதம்.

வட்டாட்சியர் தரும் வாரிசுச் சான்றிதழ் வேறு. குடும்பத்தார் இன்னின்னார் என்று வருவாய்த் துறை விசாரித்துத் தருவது அது. பங்குத் தகராறைத் தீர்க்கும் அதிகாரம் வட்டாட்சியருக்கு இல்லை. நீதிமன்றம் தரும் வாரிசுரிமைச் சான்றிதழோ இறந்தவருக்கு வரவேண்டிய கடன்களுக்கும் பத்திரங்களுக்கும் மட்டுமே. வீடும் நிலமும் அதில் அடங்கா. 381ஆம் பிரிவு காப்பது பணம் கொடுப்பவரை: சான்றிதழ் வைத்திருப்பவரிடம் நல்லெண்ணத்தோடு கொடுத்த வங்கி இன்னொருவருக்கு மறுபடி கொடுக்க வேண்டியதில்லை. இந்த நடவடிக்கையில் உரிமை குறித்து எடுத்த முடிவு, அதே கேள்வியைத் தனி வழக்கில் எழுப்பத் தடையாகாது என்கிறது 387ஆம் பிரிவு. சான்றிதழில் தோற்றவர் பாகப்பிரிவினை வழக்கில் முன்தீர்ப்புத் தடையைச் சந்திக்க வேண்டியதில்லை என்று 2000இல் உச்ச நீதிமன்றமும் உறுதிசெய்தது.

அப்படியென்றால் சான்றிதழுக்காக ஏன் போராட வேண்டும்? பணம் ஓரிடத்தில் நில்லாது என்பதால்தான். சான்றிதழ் பெற்றவர் தொகையை வாங்கிச் செலவழித்துவிட்டால், பல ஆண்டுகள் கழித்து உரிமை வழக்கில் வெல்பவருக்கு மிஞ்சுவது தீர்ப்பு மட்டுமே. இந்த ஆபத்தைச் சட்டம் முன்பே கண்டிருக்கிறது. சுருக்க விசாரணையில் தீர்க்க முடியாத சிக்கல் இருந்தாலும், முதல் நோக்கில் மேலான உரிமை உடையவராகத் தோன்றுபவருக்குச் சான்றிதழ் தரலாம் என்கிறது 373(3). அப்படித் தரும்போது பிணை வாங்கியே ஆகவேண்டும் என்கிறது 375. பெற்ற பணத்துக்குக் கணக்குக் காட்டவும், உரிமையுள்ள பிறருக்கு ஈடுசெய்யவும் ஜாமீன்தாரருடன் பத்திரமோ, போதுமான வேறு பிணையோ கொடுக்க வேண்டும்.

இந்த ஏற்பாடு எப்படி இயங்க வேண்டும் என்பதற்கு 2008இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த ஒரு வழக்கு நல்ல சான்று. இறந்தவர் நிலக்கரி நிறுவன ஊழியர். முதல் மனைவி உயிரோடிருக்கையில் செய்துகொண்ட இரண்டாம் திருமணம் செல்லாது; ஆனால் அந்த மனைவிதான் நியமனதாரர், நான்கு பிள்ளைகளின் தாய். இந்து திருமணச் சட்டத்தின் 16ஆம் பிரிவால் பிள்ளைகள் தந்தையின் சொத்துக்கு உரியவர்கள். உயர் நீதிமன்றம் முதல் மனைவி பக்கம் நின்றது. உச்ச நீதிமன்றம் சான்றிதழை இரண்டாமவருக்குக் கொடுத்து, முதல் மனைவிக்கு 1/5 பங்கு உண்டு என்றது. அந்தப் பங்கை அவருக்காக வைத்திருந்து ஒப்படைக்கும் பொறுப்பையும், விசாரணை நீதிமன்றத்தில் பிணை தரும் கடமையையும் சான்றிதழ் பெற்றவர்மீதே சுமத்தியது. பங்கே இல்லாதவர் பணத்தை வசூலிக்கிறார், பங்குள்ளவர் பிணையால் காக்கப்படுகிறார். சான்றிதழும் உரிமையும் வேறுவேறு என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டிய தீர்ப்பை நான் படித்ததில்லை.

ஏழை விதவையிடம் பிணை கேட்பது கொடுமை என்று சிலர் சொல்வர். அக்கறையோடு எழும் மறுப்பு இது, தள்ளிவிடக் கூடியதல்ல. ஆனால் அவருடைய சொந்தப் பங்குக்குப் பிணை தேவைப்படாது. ஜாமீன்தாரர் கிடைக்காத இடத்தில், தகராறிலுள்ள பங்கை மட்டும் நீதிமன்ற வைப்பில் நிறுத்தினால் அதுவே போதுமான பிணையாகலாம். அவர் பங்கு அன்றே கைக்கு வரும். பிணையைத் தளர்த்தினால் வதைபடுவதும் பெரும்பாலும் இன்னொரு பெண்தான்: முதல் மனைவி, மணமாகிப் போன மகள், மகனை இழந்த தாய்.

ஆகவே எதிர்மனு போடும் வாரிசுகளும் அவர்களின் வழக்கறிஞர்களும், மனுதாரருக்குச் சான்றிதழ் தரக்கூடாது என்று கேட்பதோடு நின்றுவிட வேண்டாம். தந்தால் எங்கள் பங்குக்கு 375ஆம் பிரிவின்படி பிணை வாங்குங்கள் என்று முதல் எதிர்மனுவிலேயே எழுதிக் கேளுங்கள்.