சேந்தமங்கலத்துச் சிறை

சென்னையிலிருந்து திருச்சிக்குப் போகும் நெடுஞ்சாலையில் சேலத்துச் சாலை பிரிகிற கூட்டுரோடு உளுந்தூர்பேட்டை. வடக்கே தொண்டை மண்டலம், தெற்கே காவிரி நாடு, மேற்கே கல்வராயன் மலையின் அடிவாரம் வழியாக ஆத்தூர், சேலம், அதற்கப்பால் கன்னட தேசம். பழைய தமிழில் இந்தப் பகுதிக்கு நடுநாடு என்று பெயர். இரு பேரரசுகளுக்கு நடுவே கிடக்கிற நிலத்துக்கு என்ன நேரும் என்பதற்கு இந்த வட்டத்திலேயே, கெடில ஆற்றங்கரையில், சேந்தமங்கலம் என்ற ஊர் இருக்கிறது. ஏறத்தாழ 1231-இல் சோழச் சக்கரவர்த்தி மூன்றாம் இராசராசன் அங்கே சிறை வைக்கப்பட்டான். அவனை மீட்க துவாரசமுத்திரத்திலிருந்து ஒரு படை புறப்பட்டு வந்தது. வல்லரசுகளின் போட்டி எந்தக் கட்டத்தில் போராக வெடிக்கிறது என்பதை அறிய ஏதென்சுக்கும் ஸ்பார்ட்டாவுக்கும் போகிறவர்கள் உண்டு. நமக்கு அந்தப் பாடம் திருவயிந்திபுரம் தேவநாதர் கோயிலில் தமிழிலேயே வெட்டப்பட்டிருக்கிறது.

அன்றைய வல்லரசுகள் இரண்டு: மதுரையில் பாண்டியர், துவாரசமுத்திரத்தில் போசளர். இவ்விருவருக்கும் இடையில் எல்லைத் தகராறோ பரம்பரைப் பகையோ முன்பு பெரிதாக இருந்ததில்லை. இருக்கவும் வழியில்லை, ஏனென்றால் நடுவே சோழநாடு கிடந்தது. முதலாம் இராசராசன், இராசேந்திரன் காலத்துச் சோழநாடாக அது நீடித்திருந்தால் போசளனும் பாண்டியனும் ஒருவரை ஒருவர் நேரில் சந்தித்திருக்கவே மாட்டார்கள். ஆனால் 1216-இல் பட்டமேறிய மாறவர்மன் சுந்தரபாண்டியன் சில ஆண்டுகளுக்குள் சோழநாட்டின் மீது பாய்ந்து தஞ்சையையும் உறையூரையும் எரித்தான். பிறகு நாட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, 'சோணாடு வழங்கியருளிய' என்ற பட்டத்தைப் பெருமையாகச் சூடிக்கொண்டான். அந்தத் திருப்பிக் கொடுத்தலுக்குப் பின்னால் பாண்டியனின் பெருந்தன்மை மட்டும் இருக்கவில்லை. போசளப் படை திருவரங்கம் வரை வந்து நின்றது. போசள மன்னர்களும் தம் பங்குக்குச் சோழ அரசை நிலைநிறுத்திய ஆசாரியன் என்று பட்டம் பூண்டார்கள். ஒரே நாட்டைக் கொடுத்ததாக ஒருவனும் காத்ததாக இன்னொருவனும் பட்டம் சூடுகிறார்கள் என்றால், அந்த நாடு தன் காலில் நிற்கவில்லை என்று பொருள். போட்டி ஆபத்தாக மாறிய இடம் இதுதான் என்பது என் கருத்து. ஒருவர் பலத்தை ஒருவர் வெறுத்ததைவிட, நடுவிலிருந்தவனின் பலவீனத்தைப் பார்த்து இருவரும் அஞ்சினார்கள். சோழன் விழுந்தால் காவிரிச் சமவெளி முழுவதும் மற்றவன் கைக்குப் போய்விடும் என்ற அச்சம் இருவரையும் ஒரே சமயத்தில் பிடித்துக்கொண்டது.

அந்த அச்சத்தில் தீப்பொறி போட்டவன் காடவர் குலத்துக் கோப்பெருஞ்சிங்கன். மூன்றாம் இராசராசன் பாண்டியனுக்குக் கட்ட வேண்டிய திறையை நிறுத்தினான், பாண்டியன் படையெடுத்தான், தோற்ற சோழன் வடக்கே ஓடினான். தெள்ளாற்றில் அவனை மறித்து வென்று சிறைபிடித்ததை வயலூர்க் கல்வெட்டில் கோப்பெருஞ்சிங்கன் பதிவு செய்திருக்கிறான். அடைத்த இடம் சேந்தமங்கலம். செய்தி கேட்ட போசள மன்னன் இரண்டாம் நரசிம்மன், சோழநாட்டை நிலைநிறுத்தியவன் என்ற தன் பெயரை மெய்ப்பிக்காமல் எக்காளம் ஊதுவதில்லை என்று சூளுரைத்துப் புறப்பட்டதாகத் திருவயிந்திபுரத்துக் கல்வெட்டு சொல்கிறது. வழியில் மகர நாட்டை வேரறுத்து அதன் யானைகளையும் குதிரைகளையும் பண்டாரத்தையும் கைக்கொண்டான். ஆறகழூரைச் சுற்றிய மகதை மண்டலமே இது என்று அறிஞர் கருதுவர். அப்படியானால் அந்தப் படை வந்த திசை இன்றைய சேலத்துச் சாலையின் திசைதான். கொள்ளிடத்துக்கு வடக்கே பாச்சூரில் நரசிம்மன் தங்கிக்கொண்டு அப்பண்ணன், சமுத்திர கோப்பையன் என்ற இரு தண்டநாயகர்களை ஏவினான்.

அவர்கள் செய்ததைக் கல்வெட்டு ஒளிக்கவில்லை. எள்ளேரியையும் கள்ளியூர்மூலையையும் தொழுதகையூரையும் அழித்தார்கள். கோப்பெருஞ்சிங்கனின் அதிகாரிகளோடு, ஈழத்து அரசன் என்று சொல்லப்படும் பராக்கிரமபாகுவையும் கொன்றார்கள். நடுவில் தில்லைக்குப் போய்ப் பொன்னம்பலத்தானைக் கும்பிட்டார்கள். திரும்பி வந்து திருப்பாதிரிப்புலியூரில் பாளையமிறங்கி, திருவதிகை, திருவக்கரை முதலான ஊர்களை அழித்தார்கள். சேந்தமங்கலத்துக்குக் கிழக்கே கடல் வரை ஊர்களைச் சுட்டார்கள், பயிரை அழித்தார்கள், பெண்டுகளைப் பிடித்தார்கள், கொள்ளையடித்தார்கள். சேந்தமங்கலத்தை முற்றுகையிடும் வேளையில் கோப்பெருஞ்சிங்கன் பணிந்து சோழனை விடுவித்தான். இதே காலத்தில் நரசிம்மன் காவிரிக்கரை மகேந்திரமங்கலத்தில் பாண்டியனைத் தோற்கடித்தான். சிறையிலிருந்தவன் ஒருவன். அவனை வெளியே கொண்டுவர எரிந்த ஊர்கள் எத்தனை என்று எண்ணிப் பார்த்தால், இந்தப் படையெடுப்பின் இலக்கு அந்த ஒரு மனிதன் மட்டுமே என்று நம்புவது கடினம். பாண்டியனுக்குத் துணையாகக் கூடிய ஒரு நிலப்பகுதியைப் பயனற்றதாக்கும் வேலையும் அங்கே நடந்தது.

வென்றவன் எழுதி வைத்த சாசனத்தை அப்படியே நம்பலாமா என்று கேட்பது நியாயம். மெய்க்கீர்த்திகள் மிகைப்படுத்தும். ஆனால் இங்கே மிகை எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்று பார்க்க வேண்டும். பயிரை எரித்ததும் பெண்களைப் பிடித்ததும் வெற்றிப் பட்டியலில் சேர்க்கப்பட்டிருக்கின்றன. மறைக்க வேண்டிய குற்றமாக அவை எழுதியவருக்குத் தோன்றவில்லை. ஊர்க்கணக்கில் ஒன்றிரண்டு கூடுதலாக இருக்கலாம். போரின் தன்மையைப் பற்றி அது தரும் சாட்சியம் அதனால் பொய்யாகாது.

இன்னொரு மறுப்பு வலுவானது. இதெல்லாம் கோப்பெருஞ்சிங்கன் என்ற ஒரு தனி மனிதனின் பேராசையால் வந்தது. பேரரசுகளின் போட்டியை ஏன் இழுக்க வேண்டும்? அவனிடம் பேராசை இருந்தது உண்மை. 1243 முதல் தன் பெயரிலேயே ஆட்சியாண்டு எண்ணத் தொடங்கி, சகலபுவனச் சக்கரவர்த்தி என்ற பட்டத்தையும் சூடியவன் அவன். ஆயினும் பேராசை கொண்ட குறுநிலத் தலைவர்கள் சோழப் பேரரசின் எல்லாக் காலத்திலும் இருந்தார்கள். பேரரசு வலுவாக இருந்தபோது அவர்களின் கலகங்கள் உள்ளூர்ச் சண்டையாகவே முடிந்தன. ஒரு காடவத் தலைவனின் துணிச்சல் துவாரசமுத்திரத்துப் படையைக் கெடிலக்கரை வரை இழுத்து வந்தது என்றால், அந்த இழுவிசை அவனிடமிருந்து வந்திருக்க முடியாது. இருவரில் ஒருவர் தன்னைத் தாங்குவார் என்ற கணக்கு இருந்ததால்தான் அவனுக்குத் துணிச்சலே வந்தது.

உறவுக்காகத்தானே போசளன் வந்தான் என்பாரும் உண்டு. சோழருக்கும் போசளருக்கும் மண உறவு இருந்தது. அதற்கான விடை அடுத்த தலைமுறையிலேயே கிடைக்கிறது. நரசிம்மனின் மகன் சோமேசுவரன் இன்றைய சமயபுரத்துக்கு அருகே கண்ணனூரில் தனக்கென்று தலைநகர் அமைத்துக்கொண்டு தமிழ்நாட்டிலேயே தங்கினான். சோழர், பாண்டியர் இரு தரப்புச் சாசனங்களும் அவனை மாமன் முறை சொல்கின்றன. மூன்றாம் இராசேந்திரன் 1246-இல் சோழ அரியணை ஏறி, பழைய பெருமையை மீட்கும் ஆற்றலோடு பாண்டியனை வென்றபோது, அந்த மாமன் பாண்டியன் பக்கம் சாய்ந்தான். கைதூக்கிவிட்ட சோழன் எழுந்து நிற்கத் தொடங்கியதும் அவனைத் தள்ளிவிடும் கை போசளக் கையாயிற்று. உறவு மாறவில்லை, எவன் பலவீனமானவனோ அவனைத் தாங்கி, எவன் எழுகிறானோ அவனை அமுக்குவது என்ற கொள்கையும் மாறவில்லை.

அந்தக் கொள்கைதான் அமைதியைக் காத்தது, இல்லாவிட்டால் சோழ அரசு ஐம்பது ஆண்டுகள் முன்பே அழிந்திருக்கும் என்று வாதிடலாம். சோழ அரசின் ஆயுள் நீண்டது மெய்தான். மூன்றாம் இராசேந்திரனின் கல்வெட்டுகள் 1279 வரை கிடைக்கின்றன. ஆனால் அந்த நீட்டிப்புக்கு ஒவ்வொரு தவணையும் போராகவே செலுத்தப்பட்டது. 1251-இல் வந்த சடாவர்மன் சுந்தரபாண்டியன் சோழனைத் திறை கட்ட வைத்தான், கண்ணனூரில் போசளரை முறியடித்தான், கோப்பெருஞ்சிங்கன் அனுப்பிய திறையை மறுத்து சேந்தமங்கலத்தை முற்றுகையிட்டுக் கைப்பற்றினான், பிறகு அதை அவனிடமே திருப்பிக் கொடுத்தான். ஒரு தலைமுறைக்குள் அதே ஊருக்கு இரண்டாவது முற்றுகை. சமநிலை என்று பெயரிட்ட அந்த ஏற்பாட்டில் சமமாக இருந்தது துவாரசமுத்திரமும் மதுரையும்தான்; நடுநாட்டுக்கு அதில் பங்கில்லை. அந்த இரண்டு தலைநகரங்களும்கூடத் தப்பவில்லை. 1311-இல் மாலிக் காபூரின் படை வந்தபோது எதிர்த்து நிற்க ஒன்றுபட்ட தெற்கு என்று எதுவும் இல்லை. 14-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதிக்குள் போசள மன்னன் மூன்றாம் வல்லாளன் அதே கண்ணனூரில் மதுரை சுல்தானின் படையிடம் சிக்கி மாண்டான்.

இது மன்னராட்சிக் காலத்து நோய் என்று தள்ளிவிட முடியாமல் செய்கிறது 18-ஆம் நூற்றாண்டு. இம்முறை வல்லரசுகள் பிரிட்டனும் பிரான்சும். நடுவே நலிந்து கிடந்தது ஆற்காட்டு நவாபின் அரசு. இரு கும்பினிகளும் புதுச்சேரியிலும் சென்னையிலும் பல பத்தாண்டுகள் அருகருகே வியாபாரம் செய்தவை. ஐரோப்பாவில் ஸ்பானிய வாரிசுரிமைப் போர் நடந்தபோதுகூட இங்கே அவை மோதிக்கொள்ளவில்லை. 1746-இல் பிரெஞ்சுக்காரர் சென்னையைப் பிடித்தார்கள். 1748 ஒப்பந்தம் அதைத் திருப்பிக் கொடுத்தது. ஐரோப்பாவில் அமைதி வந்துவிட்டது. ஆனால் 1749 ஆகஸ்டில் ஆம்பூரில் நவாப் அன்வருதீன் கொல்லப்பட்டதும், அந்தப் பதவிக்குப் போட்டியிட்டவர்களில் சந்தா சாகிபைப் பிரெஞ்சுக்காரரும் முகமது அலியை ஆங்கிலேயரும் தாங்கிப் பிடித்து, தாய்நாடுகள் சமாதானமாக இருந்தபோதே இங்கே ஐந்தாண்டுகள் போரிட்டார்கள். போட்டி மட்டுமே போருக்குப் போதுமென்றால் முந்தைய பத்தாண்டுகளில் ஏன் மூளவில்லை என்பதற்கு விடை வேண்டும். வெற்றிடமான ஓர் அரியணை, அதற்கு இரு உரிமையாளர்கள், இருவருக்கும் பின்னால் இரண்டு வல்லரசுகள்: 1231-இல் இருந்த அதே அமைப்பு.

குற்றம் புதுச்சேரி ஆளுநர் டூப்ளேயின் மேல் என்று பாரிஸ் முடிவு செய்து 1754-இல் அவரைத் திருப்பி அழைத்துக்கொண்டது. ஆளை மாற்றினார்கள், அமைப்பை மாற்றவில்லை. ஏழாண்டுப் போரில் உளுந்தூர்பேட்டைக்கு மேற்கே சேலத்துச் சாலையில் அடுத்தடுத்து இருக்கும் எலவனாசூர்க் கோட்டையும் தியாகதுருகமும் கைமாறிக்கொண்டே இருந்தன. 1760-இல் மைசூரின் உதவிக்கு விலையாகத் தியாகதுருகத்தைப் பிரெஞ்சுத் தளபதி லாலி கொடுத்தார். கொடுத்தவருக்கும் வாங்கியவருக்கும் அந்த மலைக்கோட்டை ஒரு நாணயம். பிரெஞ்சுக்காரர் வந்தவாசியில் தோற்று, 1761 ஜனவரியில் புதுச்சேரியும் வீழ்ந்தபின், தியாகதுருகம் ஆங்கிலேயருக்குப் பணிந்தது. அதோடும் முடியவில்லை. 1790-இல் திப்பு சுல்தான் அதே கோட்டையைத் தாக்கினார். கேப்டன் பிளின்ட் காத்து நின்றார். திப்பு பிரெஞ்சு உதவி தேடிப் புதுச்சேரிப் பக்கம் நகர்ந்தார்.

ஏதென்ஸ்-ஸ்பார்ட்டா போரின் வரலாற்றை எழுதிய துசிடிடீசின் நூலிலிருந்து இன்று எல்லோரும் எடுத்துச் சொல்வது, ஏதென்சின் வளர்ச்சியும் அது ஸ்பார்ட்டாவில் உண்டாக்கிய அச்சமும் போரைத் தவிர்க்க முடியாததாக்கின என்ற கருத்தை. அதே நூலில் போரின் கதை தொடங்குவது எபிடாம்னஸ் என்ற ஒரு சிறிய நகரத்தின் உட்பூசலில் என்பதை அவ்வளவாக யாரும் சொல்வதில்லை. அந்த ஊருக்காகக் கொரிந்தும் கொர்சைராவும் மோதி, ஆளுக்கொரு வல்லரசை இழுத்தன. வளர்கிறவனையும் அஞ்சுகிறவனையும் மட்டும் அளந்து பார்ப்பவர்கள் பெய்ஜிங்கையும் வாஷிங்டனையும் பற்றி நூல்கள் எழுதுகிறார்கள். சேந்தமங்கலத்திலிருந்து பார்த்தால் அளக்க வேண்டியது வேறு: நடுவே எந்த அரசு தளர்கிறது, அதன் தளர்ச்சியை எந்தக் குறுநிலத் தலைவன் தனக்கு வாய்ப்பாகக் கணக்கிடுகிறான், அவனைத் தாங்க யார் தயாராக இருக்கிறார்கள்.

போசளன் அழித்ததாகச் சொல்லும் ஊர்களில் திருவதிகையும் திருவக்கரையும் இன்றும் அதே பெயரில் இருக்கின்றன. எரிந்த வயல்களில் யார் உழுதிருந்தார்கள், பிடிக்கப்பட்ட பெண்கள் எங்கே கொண்டுபோகப்பட்டார்கள் என்பதைச் சொல்லும் கல்வெட்டு எதுவும் வெட்டப்படவில்லை. சோழச் சக்கரவர்த்தி தன் நாட்டுக்குப் பத்திரமாகக் கொண்டுசேர்க்கப்பட்டான் என்ற செய்தியோடு திருவயிந்திபுரத்துச் சாசனம் நின்றுவிடுகிறது.