மைதானமும் முதல்வர் நாற்காலியும்: ஜெய்பால் சிங் முண்டாவின் வரலாறு நமக்குச் சொல்வது



பிள்ளைச்சாவடியில் கூடியிருக்கிறோம். பொறியியல் கல்லூரியாக இருந்த தொழில்நுட்பப் பல்கலைக்கழகம் இங்கே, மத்தியப் பல்கலைக்கழகம் பக்கத்தில் காலாப்பட்டில். இப்படிப்பட்ட வளாகங்களுக்குள் நம் பிள்ளைகள் நுழைய இட ஒதுக்கீடு வழி திறந்தது. சிலருக்கு விளையாட்டும் வழி திறந்தது. நுழைந்த பிறகு அங்கே யாராக இருப்பது என்ற கேள்வி மட்டும் எல்லோருக்கும் பொது. இந்த ஆண்டு நினைவுச் சொற்பொழிவுக்கு அந்தக் கேள்வியை வாழ்ந்து பார்த்த ஒருவரை எடுத்துக்கொண்டோம். ஹாக்கி வீரராகவும் ஆசிரியராகவும், இளவரசர்கள் படித்த கல்லூரியின் முதல்வராகவும் இருந்த ஜெய்பால் சிங் முண்டா அவர்.

1903 ஜனவரி 3 அன்று இன்றைய ஜார்க்கண்டின் குந்தி வட்டாரத்தில் ஒரு முண்டா ஆதிவாசிக் குடும்பத்தில் பிறந்தார். இராஞ்சியில் கிறித்தவ மிஷன் நடத்திய புனித பவுல் பள்ளியில் படித்தார். அவருடைய திறமையைக் கண்ட பள்ளி முதல்வர் அவரை இங்கிலாந்துக்கு அழைத்துச் சென்றார். ஆக்ஸ்ஃபோர்டின் புனித ஜான் கல்லூரியில் பொருளாதாரம் படித்தார். பல்கலைக்கழக ஹாக்கி அணியில் ஆடி ‘புளூ’ என்ற விருதும் பெற்றார். பிறகு ஐசிஎஸ் தேர்விலும் வென்று பயிற்சியில் சேர்ந்தார்.

1928இல் ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக் வந்தது. இந்திய ஹாக்கி அணிக்கு அவரே தலைவர். பயிற்சியிலிருந்து விடுப்பு கிடைக்கவில்லை, அவர் போனார். ஐந்து ஆட்டங்களில் இந்திய அணி 29 கோல் அடித்தது, ஒரு கோல்கூட வாங்கவில்லை. நெதர்லாந்தை 3-0 என வென்று முதல் தங்கம் பெற்றது. அந்த இறுதி ஆட்டத்தில் ஜெய்பால் சிங் ஆடவில்லை. அணி நிர்வாகத்தோடு ஏற்பட்ட கருத்து வேறுபாட்டால் முன்பே விலகியிருந்தார். திரும்பி வந்தவரிடம் பயிற்சியை இன்னும் ஓர் ஆண்டு நீட்டிக்க வேண்டும் என்றார்கள். அவர் ஐசிஎஸ் வேலையையே விட்டுவிட்டார்.

தியான் சந்தை நாட்டுக்கே தெரியும். அதே அணியின் தலைவரான ஆதிவாசியின் பெயர் நம் பாடப் புத்தகங்களில் எங்கே இருக்கிறது? மைதானம் எல்லோருக்கும் சமம் என்பார்கள். அந்தச் சமத்துவம் எல்லைக்கோடு வரைதான் என்பதைப் பல்வங்கர் பாலுவின் கதையும் காட்டுகிறது. சமார் சாதியில் பிறந்த அந்தப் பந்துவீச்சாளர் 1911 இங்கிலாந்துப் பயணத்தில் 100க்கும் மேல் விக்கெட் எடுத்தவர். புனேயில் இந்து அணிக்கு ஆடியபோது, தேநீர் இடைவேளையில் மற்றவர்களுக்குப் பீங்கான் கோப்பை, அவருக்கு வெளியே மண் குவளை. அவர் வீசிய பந்தைத் தொட்ட கைகள் அவர் குடித்த கோப்பையைத் தொட மறுத்தன.

ஜெய்பால் சிங் அடுத்துப் போனது வகுப்பறைக்கு. மேற்கு ஆப்பிரிக்காவில் அன்று கோல்டு கோஸ்ட் எனப்பட்ட இன்றைய கானாவின் அச்சிமோட்டா கல்லூரியில் 1930களின் நடுவில் ஆசிரியராக இருந்தார். பின்னாளில் கானாவின் முதல் குடியரசுத் தலைவரான குவாமி நிக்ருமா சில ஆண்டுகளுக்கு முன் ஆசிரியர் பயிற்சி பெற்ற கல்லூரி அது. அங்கிருந்து திரும்பி 1937இல் ராய்ப்பூர் ராஜ்குமார் கல்லூரியின் முதல்வர் பொறுப்பை ஏற்றார்.

அந்தப் பெயரைக் கொஞ்சம் நின்று பாருங்கள். அரசர்கள், ஜமீன்தார்களின் பிள்ளைகளுக்காக 1882இல் தொடங்கப்பட்ட பள்ளி அது. காட்டையும் நிலத்தையும் ஆதிவாசிகளிடமிருந்து பறித்த வர்க்கத்தின் பிள்ளைகள் ஓர் ஆதிவாசியின் முன்னால் எழுந்து நின்றார்கள். இதைச் சாதனை என்று கொண்டாடி நிறுத்திக்கொள்வது எளிது. ஆனால் நாற்காலியில் உட்கார்ந்தவர் மாறினாரே தவிர, பள்ளி யாருக்கானது என்பது மாறவில்லை. முண்டா பிள்ளைக்கு அங்கே பெஞ்சு கிடையாது. ஜெய்பால் சிங்கும் அங்கே நீண்ட காலம் இருக்கவில்லை. பிறகு பிகானேர் சமஸ்தானத்தில் சிறிது காலம் பணியாற்றினார்.

1939 ஜனவரியில் இராஞ்சியில் ஆதிவாசி மகாசபையின் தலைமையை ஏற்றார். அவர் வாழ்க்கையின் திருப்பம் இதுதான் என்று நாம் கருதுகிறோம். அதுவரை பிறர் கட்டிய வளாகங்களுக்குள் முதல் ஆளாக நுழைந்தவர், இப்போது தன் மக்களோடு சேர்ந்து தங்களுக்கான ஒன்றைக் கட்டத் தொடங்கினார்.

அரசியல் நிர்ணய சபையில் 1946 டிசம்பர் 19 அன்று பேசியபோது, தன்னை ‘ஜங்கிலி’ என்று சொல்லிக்கொள்வதில் பெருமைப்பட்டார். ஆதிவாசிகளுக்கு ஜனநாயகம் கற்றுத்தர வேண்டாம், அவர்களிடமிருந்து நீங்கள் கற்றுக்கொள்ளுங்கள் என்ற பொருளில் பேசினார். ஆலோசனைக் குழுவின் பட்டியலில் ஆதிவாசிப் பெண் ஒருவர்கூட இல்லையே என்றும் கேட்டார். ஆக்ஸ்ஃபோர்டு தந்த ஆங்கிலத்தில் முண்டா கிராமம் தந்த சமத்துவத்தைப் பேசினார்.

அந்தச் சபையில் அவருக்கும் அண்ணல் அம்பேத்கருக்கும் ஒரு சொல் பற்றிக் கருத்து வேறுபாடு இருந்தது. ‘ஆதிவாசி’ என்ற சொல்லே வேண்டும் என்றார் ஜெய்பால் சிங். அந்தச் சொல்லுக்குத் திட்டமான சட்டப் பொருள் இல்லை, ‘பட்டியல் பழங்குடி’ என்றால் யார் யார் என்று பட்டியலே சொல்லிவிடும் என்றார் அண்ணல். ஒருவர் மானத்தைப் பார்த்தார், மற்றவர் உரிமைக்கான பிடிமானத்தைப் பார்த்தார். இரண்டும் வேண்டும் என்பதற்கு நம் புதுச்சேரியே சாட்சி.

எல்லைக்கு அந்தப் பக்கம் விழுப்புரம், கடலூர் மாவட்டங்களில் இருளர் பட்டியல் பழங்குடி. இந்தப் பக்கம் வில்லியனூர், பாகூர் கொம்யூன்களில் வாழும் அதே இருளர் பல பத்தாண்டுகள் எந்தப் பட்டியலிலும் இல்லை. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்போது புதுச்சேரிக்குப் பழங்குடிப் பட்டியலே கிடையாது. ஆகவே கணக்கில் பழங்குடி ஒருவர்கூட இல்லை. மக்கள் இருந்தார்கள், பட்டியல் இல்லை. 2016இல்தான் இருளர் சேர்க்கப்பட்டார்கள். காட்டுநாயக்கர், மலைக்குறவர் போன்றோர் அந்த ஆணையில் இடம்பெறவில்லை.

ஜெய்பால் சிங்கைக் குறையில்லாதவர் என்று சொல்ல வரவில்லை. 1950இல் அவர் தொடங்கிய ஜார்க்கண்ட் கட்சி 1952 தேர்தலில் பீகார் சட்டமன்றத்தின் முதன்மை எதிர்க்கட்சியானது. 1963இல் அதைக் காங்கிரசோடு இணைத்தார். தனி மாநிலம் கேட்டு நின்ற மக்களுக்கு அது பெரும் ஏமாற்றம். 1970 மார்ச் 20 அன்று அவர் மறைந்தார். ஜார்க்கண்ட் மாநிலம் 2000 நவம்பர் 15 அன்றுதான் பிறந்தது. தலைவரைக் கும்பிடுவதைவிட அவரோடு வாதாடுவதே அவருக்கு நாம் செய்யும் மரியாதை.

மாணவர்களுக்கு ஒரு வேலை சொல்லி முடிக்கிறோம். விளையாட்டு விழாவில் இருளர் பிள்ளை வேகமாக ஓடினால் பள்ளி கைதட்டும். அதே பிள்ளை பத்தாம் வகுப்புக்குப் பிறகு எங்கே போனது என்று யாரும் கேட்பதில்லை. சாதிச் சான்றிதழுக்காக அதன் பெற்றோர் கூலியை விட்டுவிட்டு எத்தனை முறை தாலுகா அலுவலகத்துக்கு நடந்தார்கள் என்பதும் யாருக்கும் தெரிவதில்லை. உங்கள் ஊருக்குப் பக்கத்தில் உள்ள இருளர் குடியிருப்புக்குப் போங்கள். சான்றிதழ் இல்லாத பிள்ளைகளைக் கணக்கெடுங்கள், விண்ணப்பம் எழுதிக் கொடுங்கள், அலுவலகத்துக்குக் கூடப் போங்கள். அடுத்த ஆண்டு இதே மேடையில் அந்தக் கணக்கை நீங்கள் வாசியுங்கள், நாங்கள் கேட்கிறோம்.

ஜெய் பீம். ஜோஹார்.