பெயரில் தங்கிய பூஞ்சை: ஸ்ட்ரெப்டோமைசின் என்னும் சொல்லின் வரலாறு

முன்னுரை

ஒரு பொருளுக்கு இடப்படும் பெயர் அப்பொருளின் இயல்பை உரைக்கிறதா, அன்றிப் பெயரிட்டவரின் காலத்து அறிவை உரைக்கிறதா என்னும் வினா மொழியாராய்ச்சியில் பழமையானது. சொல் ஒரு பொருளைக் குறிப்பதற்கான காரணம் பார்த்த அளவில் புலப்படாது என்னும் கருத்தைத் தொல்காப்பிய உரியியல் முன்வைக்கிறது. நன்னூல் பெயர்களை இடுகுறி, காரணம் எனப் பகுக்கிறது. அறிவியற்பெயர்கள் திட்டமிட்டு ஆக்கப்படுவன. ஆதலின் அவை யாவும் காரணப்பெயர்களே என்று கருதும் வழக்கம் உண்டு. ஆயினும் காரணம் பொய்த்துப்போன பின்னும் பெயர் நிலைத்துவிடுவதுண்டு. மண்ணில் வாழும் பாக்டீரியா ஒன்றிலிருந்து 1943இல் பிரித்தெடுக்கப்பட்டு, காசநோய்க்குப் பயன்பட்ட முதல் நுண்ணுயிர் எதிர்ப்பி மருந்தாகிய ஸ்ட்ரெப்டோமைசின் இதற்குத் தக்க சான்றாகும். இப்பெயர் தோன்றிய வரலாறு, அதில் பதிவாகியுள்ளவை, அதில் விடுபட்டவை, தமிழ்க் கலைச்சொல்லாக்கத்திற்கு அது தரும் படிப்பினை ஆகியவற்றை இக்கட்டுரை ஆராய்கிறது.

மண்ணில் வாழும் இழையுயிர்

கோடையின் முதல் மழையில் எழும் மண்வாசனைக்குப் பெருங்காரணமாக அமைவது ஜியோஸ்மின் என்னும் வேதிப்பொருள். 'மண்ணின் மணம்' என்று பொருள்படும் இக்கிரேக்கப் பெயரை 1965இல் அமெரிக்காவின் ரட்கர்ஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் சூட்டினர். அதனை உண்டாக்கும் மண்வாழ் நுண்ணுயிர்களுள் முதன்மையானது ஸ்ட்ரெப்டோமைசிஸ் பேரினம். இவ்வுயிர்கள் கிளைத்துப் பரவும் மெல்லிய இழைகளாக வளர்கின்றன. இழை நுனிகளில் வித்துகளைத் தோற்றுவிக்கின்றன. புறத்தோற்றத்தில் இவை பூஞ்சையை ஒத்திருந்தமையே பெயர்க்குழப்பத்திற்கு வித்தாயிற்று.

1875இல் பெர்டினாண்ட் கோன் என்னும் ஜெர்மானிய அறிஞர் மனிதக் கண்ணீர் நாளத்தில் கண்ட இழையுயிர் ஒன்றுக்கு ஸ்ட்ரெப்டோத்ரிக்ஸ் என்னும் பேரினப் பெயரை வழங்கினார். 'ஸ்ட்ரெப்டோஸ்' என்பதற்குக் கிரேக்கத்தில் முறுக்கிய, வளைந்த என்பது பொருள். 'த்ரிக்ஸ்' என்பது மயிர். முறுக்கிய மயிர் போன்றது என்பதே பெயரின் கருத்து. ஆனால் அதே பெயர் 1839இலேயே கோர்டா என்பவரால் உண்மையான பூஞ்சை ஒன்றுக்கு இடப்பட்டிருந்தது. 1877இல் மாடுகளின் தாடையில் கட்டியை உண்டாக்கும் உயிருக்கு ஹார்ஸ் என்பவர் ஆக்டினோமைசிஸ் என்று பெயரிட்டார். 'ஆக்டிஸ்' என்பது கதிர். 'மைகெஸ்' என்பது காளான், பூஞ்சை. கதிர்ப்பூஞ்சை என்பது இதன் பொருள். பின்னர் மண்ணில் காணப்பட்ட இழையுயிர்களும் இப்பெயரின்கீழ் அடக்கப்பட்டன. இவை பாக்டீரியாவா, பூஞ்சையா, இரண்டிற்கும் இடைப்பட்டனவா என்னும் விவாதம் இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை ஓயவில்லை.

மூன்று மருந்துகள், மூன்று பெயர்கள்

ரட்கர்ஸில் மண் நுண்ணுயிரியல் பேராசிரியராக விளங்கிய செல்மன் வாக்ஸ்மன், மாணவப் பருவத்திலேயே இவ்வுயிர்களை ஆராயத் தொடங்கியவர். நியூ ஜெர்சி மண்ணில் வாழும் இவ்வினங்களைப் பற்றி அவர் கர்ட்டிஸ் என்பவருடன் இணைந்து எழுதிய கட்டுரை 1916இல் வெளிவந்தது. ஒரு நுண்ணுயிர் உண்டாக்கி மற்றொரு நுண்ணுயிரை ஒடுக்கும் வேதிப்பொருளுக்கு 'ஆன்டிபயாடிக்' என்னும் பெயரை 1940களின் தொடக்கத்தில் வழக்கிற்குக் கொண்டுவந்தவரும் அவரே.

அவரது ஆய்வுக்கூடத்தில் அடுத்தடுத்துக் கண்டறியப்பட்ட மூன்று பொருள்களின் பெயர்களை வரிசைப்படுத்தினால் வகைப்பாட்டியலின் வரலாறே அவற்றில் தெரிகிறது. 1940இல் கிடைத்தது ஆக்டினோமைசின். இது ஆக்டினோமைசிஸ் என்னும் பெயரின் வழிவந்தது. 1942இல் வெளியிடப்பட்டது ஸ்ட்ரெப்டோத்ரிசின். இது கோனின் பழம்பெயரை நினைவூட்டுவது. முன்னது கடும் நச்சுத்தன்மை உடையது. பின்னது சிறுநீரகத்தைக் கெடுத்தது. ஆகவே இரண்டும் தொற்றுநோய்களுக்கு மருந்தாகவில்லை. 1943இல் வாக்ஸ்மனும் ஹென்ரிசியும் இவ்வுயிர்களின் பெயரீட்டையும் பகுப்பையும் சீர்செய்து, மண்ணில் வாழும் வித்துடைய இழையுயிர்களுக்கு ஸ்ட்ரெப்டோமைசிஸ் என்னும் புதுப்பெயரை முன்மொழிந்தனர். அதே ஆண்டு அக்டோபரில் ஆய்வு மாணவராகிய ஆல்பர்ட் ஷாட்ஸ், சாம்பல் நிறத்தைக் குறிக்கும் 'கிரிசியஸ்' என்னும் சிற்றினத்திலிருந்து புதிய பொருளைப் பெற்றார். புதுப் பேரினப் பெயரைத் தழுவி அது ஸ்ட்ரெப்டோமைசின் எனப்பட்டது. ஷாட்ஸ், எலிசபெத் பூகி, வாக்ஸ்மன் ஆகிய மூவர் பெயரில் 1944 ஜனவரியில் முதற்கட்டுரை வெளிவந்தது.

ஸ்ட்ரெப்டோமைசிஸ் என்னும் சொல்லில் முற்பாதி ஸ்ட்ரெப்டோத்ரிக்ஸிலும் பிற்பாதி ஆக்டினோமைசிஸிலும் உள்ளவை. அதாவது, பூஞ்சை ஒன்றுக்கு முன்பே உரிமையான பெயர் விலக்கப்பட்டது. அதிலிருந்த 'மயிர்' என்னும் உறுப்பு நின்ற இடத்தில் 'பூஞ்சை' என்னும் உறுப்பு வந்து சேர்ந்தது. மயிர் என்பது வெறும் உவமை. அது பொய்ப்பதற்கு இடமில்லை. பூஞ்சை என்பதோ இனம் சுட்டும் சொல், அது பொய்க்கக்கூடியது. பின்னர் அவ்வாறே பொய்த்தது.

காரணம் பொய்த்த காரணப்பெயர்

1950களில் மின்னணு நுண்ணோக்கியும் செல் சுவரின் வேதிப்பகுப்பாய்வும் விவாதத்தை முடிவுக்குக் கொண்டுவந்தன. ஸ்ட்ரெப்டோமைசிஸ் செல்லில் சவ்வு சூழ்ந்த உட்கரு இல்லை. அதன் சுவர், பாக்டீரியாவுக்கே உரிய வேதிப்பொருளால் ஆனது. அதன் இழையின் தடிமன் ஏறத்தாழ ஒரு மைக்ரோமீட்டரே; பூஞ்சை இழைகள் அதனினும் பன்மடங்கு பருத்தவை. எனவே இது ஐயத்திற்கிடமின்றிப் பாக்டீரியாவே ஆகும்.

பெயரின் முற்பாதியும் முழுதும் பொருந்துவதன்று. இப்பேரினத்தின் பல சிற்றினங்களில் வித்துச் சரங்கள் திருகுசுருளாக அமைகின்றன. ஆனால் மருந்தைத் தந்த கிரிசியஸில் அவை நேராகவோ சற்றே நெளிந்தோ காணப்படுகின்றன. ஆகவே 'முறுக்கிய பூஞ்சையின் பொருள்' எனப் பிரிந்து பொருள்தரும் ஸ்ட்ரெப்டோமைசின், திருகுசுருள் அற்றதும் பூஞ்சை அல்லாததுமாகிய ஓர் உயிரிலிருந்து கிடைக்கிறது. அது பூஞ்சைகளை அழிக்கும் மருந்தும் அன்று. பாக்டீரியாவின் ரைபோசோமில் பற்றிக்கொண்டு புரத ஆக்கத்தைப் பிழைபடச் செய்வதே அதன் செயல். காரணம் நீங்கிய நிலையில் பெயர் இன்று இடுகுறியாகவே வழங்குகிறது. இதனைப் பெயரிட்டோரின் அறியாமை என்று கொள்ளுதல் பொருந்தாது. முடிவுபெறாத விவாதத்தின் நடுவே, முன்னோர் சொல்லைக் கைவிடாமல் இட்ட பெயர் அது. அவ்வகையில் அது அக்காலத்தின் கல்வெட்டாகிறது.

பெயர் சொல்லாதவை

பெயர் எதனை மறைக்கிறது என்பதும் ஆராயத்தக்கது. மண்வழி மருந்துகள் சிலவற்றின் பெயர்கள் இடத்தையோ நிறுவனத்தையோ சுட்டுகின்றன. எலிசபெத் ஹேசன், ரேச்சல் பிரவுன் என்னும் இரு பெண் அறிவியலாளர் 1950இல் அறிவித்த பூஞ்சை எதிர்ப்பு மருந்தாகிய நிஸ்டாட்டின், அவர்கள் பணியாற்றிய நியூயார்க் மாநிலத்தின் பெயரைத் தாங்கியுள்ளது. புனேக்கு அருகிலுள்ள பிம்ப்ரியில் இந்துஸ்தான் ஆன்டிபயாடிக்ஸ் நிறுவனத்தில் திருமலாச்சாரும் குழுவினரும் கண்ட ஹாமைசினில் அந்நிறுவனத்தின் முதலெழுத்துகள் அமைந்துள்ளன; அதனைத் தந்த சிற்றினத்தின் பெயரோ பிம்ப்ரியையே சுட்டுகிறது.

ஸ்ட்ரெப்டோமைசின் என்னும் பெயர் ஊரையும் சொல்வதில்லை, ஆளையும் சொல்வதில்லை. கண்டுபிடித்தவர் யார் என்னும் வழக்கே நீதிமன்றம் ஏறியது. 1948இல் வழங்கப்பட்ட காப்புரிமையில் வாக்ஸ்மன், ஷாட்ஸ் ஆகிய இருவரின் பெயர்களும் இருந்தன. முதற்கட்டுரையில் இரண்டாவதாக நின்ற பூகியின் பெயர் அதில் இல்லை. உரிமத்தொகையில் தமக்குப் பங்கு மறுக்கப்பட்டதாக 1950இல் ஷாட்ஸ் வழக்குத் தொடுத்தார். அவ்வாண்டின் இறுதியில் ஏற்பட்ட உடன்பாட்டில் அவர் இணைக்கண்டுபிடிப்பாளராக ஏற்கப்பட்டு, 3 விழுக்காடு உரிமத்தொகையும் பெற்றார். ஆயினும் 1952ஆம் ஆண்டின் நோபல் பரிசு வாக்ஸ்மனுக்கு மட்டுமே அளிக்கப்பட்டது. 1994இல்தான் ரட்கர்ஸ் பல்கலைக்கழகம் ஷாட்ஸுக்குப் பதக்கம் வழங்கிச் சிறப்பித்தது.

ஈற்றுறுப்பின் தனிவாழ்வு

ஸ்ட்ரெப்டோமைசினின் வெற்றியால் '-மைசின்' என்னும் ஈற்றுறுப்பு தனித்து இயங்கத் தொடங்கியது. 1949இல் வாக்ஸ்மனும் லெஷவாலியேயும் கண்ட நியோமைசினில் 'புதிய' என்னும் அடையும், 1952இல் வெளிப்பட்ட எரித்ரோமைசினில் 'சிவந்த' என்னும் அடையும், வான்கோமைசினில் 'வெல்லுதல்' என்னும் ஆங்கிலச் சொல்லின் முற்பகுதியும் அதனுடன் சேர்ந்தன. மருந்துகளின் பொதுப்பெயர்களை ஒழுங்குபடுத்தும் உலகச் சுகாதார நிறுவனம், ஸ்ட்ரெப்டோமைசிஸ் இனங்களிலிருந்து பெறப்படும் நுண்ணுயிர் எதிர்ப்பிகளுக்குரிய ஈறாக இதனை ஏற்றுக்கொண்டது. பூஞ்சை என்னும் பொருள் இங்கு முற்றிலும் மறைந்தது. அதனாலேயே, பூஞ்சையை அழிக்கும் ஹாமைசின் பூஞ்சை என்னும் உறுப்பைப் பெயரில் தாங்குவதும் எவருக்கும் முரணாகத் தோன்றவில்லை.

இவ்வீற்றில் எழுத்தளவிலான நுட்பம் ஒன்றும் உண்டு. 1963இல் அறிவிக்கப்பட்ட ஜென்டாமைசின், ஸ்ட்ரெப்டோமைசிஸ் அன்றி மைக்ரோமோனோஸ்போரா என்னும் வேறு பேரினத்திலிருந்து வந்தது. இவ்வேறுபாட்டைக் காட்ட, ஆங்கிலத்தில் அதன் ஈறு 'ஒய்' எழுத்துக்கு மாறாக 'ஐ' எழுத்தால் எழுதப்படுகிறது. தமிழில் இரண்டும் 'மைசின்' என்றே எழுதப்படுதலின், மூலத்தின் எழுத்தில் நின்ற வேறுபாடு ஒலிபெயர்ப்பில் மறைகிறது. ஒலிபெயர்ப்பும் இழப்பற்ற வழியன்று என்பது இதனால் பெறப்படும்.

தமிழ்க் கலைச்சொல்லும் மருந்தின் பெயரும்

தமிழகத்திற்கும் இம்மருந்துக்கும் நேரடித் தொடர்பு உண்டு. 1956இல் சென்னையில் நிறுவப்பட்ட காசநோய் வேதிமருத்துவ ஆய்வு மையம், வாரம் இருமுறை ஸ்ட்ரெப்டோமைசினும் ஐசோனியாசிடும் அளிக்கும் முறையை நாள்தோறும் மருந்து உட்கொள்ளும் முறையுடன் ஒப்பிட்டு, 1964இல் முடிவுகளை வெளியிட்டது. நேரடிக் கண்காணிப்பில் இடைவெளிவிட்டு மருந்தளிக்கும் முறை பயனில் குறைந்ததன்று என்பதை அது நிறுவியது. இன்று காசநோய் மருந்துகளின் வரிசையில் ஸ்ட்ரெப்டோமைசினுக்குப் பழைய இடம் இல்லை. ஆயினும் அம்மருந்தும் அதன் வழிவந்த 'மைசின்' பெயர்களும் தமிழ் மருத்துவ எழுத்தில் தொடர்ந்து இடம்பெறுகின்றன.

இப்பெயரை உறுப்புதோறும் பெயர்த்துத் தமிழாக்கினால் 'முறுக்குப்பூஞ்சைச் சாறு' என்பது போன்ற ஒரு தொடர் கிடைக்கும். மூலமொழியில் எவரும் இன்று உணராத பழம்பொருள், தமிழில் வெளிப்படைப் பொருளாக உயிர்பெற்றுவிடும். பாக்டீரியாவைப் பூஞ்சை எனப் படிப்பவர் மயங்குவர். ஆகவே தனி மருந்தின் பெயரை ஒலிபெயர்த்து, அதன் சொற்பொருள் வரலாற்றை அகராதிக் குறிப்பில் தருவதே தக்கது.

வகைப்பெயரின் நிலை வேறு. 'ஆன்டிபயாடிக்' என்பதற்கு எதிருயிரி, நுண்ணுயிர்க்கொல்லி, நுண்ணுயிர் எதிர்ப்பி முதலிய சொற்கள் வழங்குகின்றன. 'எதிருயிரி' என்பது மருந்தை ஓர் உயிராகவே காட்டுகிறது. அது வேதிப்பொருளே அன்றி உயிரி அன்று. 'நுண்ணுயிர் எதிர்ப்பி' செயலைச் சரியாகக் குறிப்பினும், வைரசையும் நுண்ணுயிர் என்றே வழங்கும் மக்கள், வைரஸ் காய்ச்சலுக்கும் இது பயன்படும் எனக் கொள்ள இடம் தருகிறது. இம்மயக்கம் சொல்லளவில் நிற்பதன்று. 1948இல் வெளியிடப்பட்ட பிரித்தானிய மருத்துவ ஆராய்ச்சிக் குழுமத்தின் ஆய்வில், ஆறு மாத முடிவில் ஸ்ட்ரெப்டோமைசின் பெற்ற 55 பேரில் 4 பேரும், படுக்கை ஓய்வு மட்டும் பெற்ற 52 பேரில் 14 பேரும் இறந்தனர். மருந்தின் ஆற்றலைக் காட்டிய அதே ஆய்வு, மருந்தை எதிர்த்து வாழும் கிருமிகள் சில மாதங்களுக்குள் பலரிடம் தோன்றியதையும் காட்டியது. தேவையற்ற இடத்தில் இம்மருந்துகளை உட்கொள்ளுதல் அத்தகைய கிருமிகளைப் பெருக்கும். பாடநூலிலும் மருந்துக் குறிப்பிலும் இடம்பெறும் வகைப்பெயர், எதனை எதிர்ப்பது என்பதைத் தெளிவுறுத்த வேண்டியதன் இன்றியமையாமை இதனால் விளங்கும். பாக்டீரியா நோய்களுக்குரிய மருந்தைச் சுட்டுமிடத்துப் 'பாக்டீரியா எதிர்ப்பி' என்றே வழங்குதல் இம்மயக்கத்தைக் களையும்.

முடிவுரை

ஸ்ட்ரெப்டோமைசின் என்னும் பெயர், மண்வாழ் இழையுயிர்களைப் பூஞ்சையோடு சேர்த்து எண்ணிய காலத்தின் பதிவாகும். அறிவு மாறியது, பெயர் மாறவில்லை. பெயரின் உறுப்புகள் தம் பொருளை இழந்து, '-மைசின்' என்னும் ஈறு புதிய பொருளைப் பெற்றது. கண்டவர்களின் உழைப்பையும் அவர்களிடையே எழுந்த வழக்கையும் அப்பெயர் சொல்வதில்லை. எனவே சொற்பிறப்பை வரலாற்றுச் சான்றாகக் கொள்ளலாம். பொருளின் இலக்கணமாகக் கொள்ளலாகாது. தனிப்பெயரை ஒலிபெயர்த்தும், வகைப்பெயரைச் செயல்நோக்கித் தமிழில் ஆக்கியும் வழங்குதல் தமிழ்க் கலைச்சொல்லாக்கத்திற்கு ஏற்ற நெறியாகும். வரலாற்றுச் சொல்லாய்வும் மருத்துவ அறிவும் கைகோக்கும்போதே அந்நெறி கைகூடும்.