ஓடிய கேமராவும் நின்ற நிலவும்

மந்தைவெளியில் வளர்ந்த எனக்கு இரண்டு திரைகள் வாய்த்தன. ஒன்று, பக்கத்திலேயே இருந்த கபாலி தியேட்டர். மற்றது, ஆழ்வார்பேட்டை கஸ்தூரி ரங்கன் சாலையில் உள்ள ரஷ்யக் கலாசார மையம். முதலாவதில் 'மாயா பஜார்' பார்த்தேன்; இரண்டாவதில் 'நாரைகள் பறக்கின்றன'. இரண்டும் 1957-இல் வந்த கறுப்பு வெள்ளைப் படங்கள் என்பது வெகுநாள் கழித்துத்தான் உறைத்தது. அதன்பின் 'நாரைகள் பறக்கின்றன' படத்தின் ஒளிப்பதிவாளர் செர்கெய் உருசெவ்ஸ்கியையும் 'மாயா பஜார்' ஒளிப்பதிவாளர் மார்கஸ் பார்ட்லியையும் தனித்தனியே நினைக்க முடியவில்லை.

உருசெவ்ஸ்கி ஓவியம் பயின்றவர். இரண்டாம் உலகப் போரில் போர்முனைக்குப் போய்ப் படம் பிடித்தவர். கேமராவைக் கையில் தூக்கிக்கொண்டு ஓடும் பழக்கம் அங்கிருந்து வந்தது என்றே நினைக்கிறேன். 'நாரைகள் பறக்கின்றன' படத்தில், போருக்குப் போகும் காதலன் போரிஸை வழியனுப்ப வெரோனிகா பேருந்தில் வருகிறாள். அவளோடு கேமராவும் இறங்கி, கூட்டத்தில் இடிபட்டு, திடீரென்று மேலே எழும்புகிறது. கீழே டாங்கிகளுக்கு நடுவே அவள் ஓடுகிறாள். எல்லாம் ஒரே ஷாட். போரிஸ் குண்டடிபட்டுச் சரியும்போது பிர்ச் மரங்கள் சுழல்கின்றன. சாகிறவனின் கண்ணே கேமராவாகிவிடுகிறது. 1958-இல் கான் விழாவின் தங்கப் பனை அந்தப் படத்துக்குக் கிடைத்தது.

ஆங்கிலோ இந்தியரான பார்ட்லியும் செய்திப்பட கேமராமேனாக இருந்தவர்தான். ஆனால் வாஹினி ஸ்டூடியோவுக்குள் அவர் தேடியது அசையாமையை. 'மாயா பஜார்' படத்தில் கடோத்கஜனாக ரங்காராவ் உட்கார்ந்திருக்க, லட்டுகள் தாமாகவே அவர் வாய்க்குள் போகின்றன. இத்தகைய ட்ரிக் ஷாட்டுகளில் ஒரே ஃபிலிமில் மறுபடி மறுபடி ஒளியேற்ற வேண்டியிருக்கும். கேமரா ஒரு மயிரிழை நகர்ந்தாலும் மாயம் கலைந்துவிடும். அந்த நிலைப்புக்கு எவ்வளவு பொறுமை வேண்டும்! படகுப் பாட்டில் ஜெமினி, சாவித்திரி முகங்களில் வழிகிற நிலவு, விளக்குகளைக் கொண்டு அவர் உண்டாக்கியது. முகத்தில் விழும் வெளிச்சம் மென்மையாக இருக்கிறது. பின்னால் இருட்டு கெட்டியாக நிற்கிறது. நிலவு என்றதும் தமிழ்நாட்டில் ஒரு தலைமுறைக்கே அந்த நிலவுதான் நினைவுக்கு வந்தது.

உருசெவ்ஸ்கியும் இயற்கையை அப்படியே விட்டவரல்ல. 'நான் கியூபா'வில் (1964) அகச்சிவப்பு ஃபிலிமைப் பயன்படுத்தினார். பச்சைப் பனைகள் இறகுபோல வெளுத்தன, வானம் கறுத்தது. ஆக, ஒருவர் நிஜம் பிடித்தார், மற்றவர் மாயம் செய்தார் என்று கோடு கிழிப்பது தவறு. மாயம் இருவரிடமும் உண்டு. உருசெவ்ஸ்கி நம்மையும் இழுத்துக்கொண்டு ஓடுகிறார். பார்ட்லி நம்மை உட்காரவைத்து வெளிச்சத்தை வரவழைக்கிறார்.

வெட்டாமல் நீளும் ஷாட்டுகளை வியக்கும் நம் சினிமாப் பேச்சில் உருசெவ்ஸ்கிக்கு இடம் நிச்சயம். பார்ட்லியை மட்டும் பழைய ஞாபகங்களோடு சேர்த்து மூட்டை கட்டிவிடுகிறோம். இது எனக்கு வலிக்கிறது. 1965-இல் வெளிவந்த 'செம்மீன்' படத்துக்காக அவர் கேரளக் கடற்கரைக்கு வண்ண ஃபிலிமோடு போனார். அங்கே அலை தானே அசைந்துகொண்டிருந்தது. அதற்குப் போட்டியாக கேமராவை ஓட்ட அவருக்கு அவசியம் இருக்கவில்லை.